கொயர் மாஸ்டர் ஆர்டர் வாங்கிய கதை

ராயபுரம் பக்கம் ஒரு சி.எஸ்.ஐ. ஆலயத்தில் கொயர் மாஸ்டர், அதாவது பாடகர் குழுவுக்குப் பாட்டு சொல்லிக் கொடுப்பவர், இடம் காலி என்று கேள்விப்பட்டுப் போனேன். பாமாலை என்கிற ஞானப்பாட்டுப் புத்தகத்திலிருந்து ஒரு பாட்டை நாலு குரலுக்கும் பிரித்துச் சொல்லிக் கொடுக்கச் சொன்னார்கள். சொல்லிக் கொடுத்தேன், பிடித்துவிட்டது. நியமன ஆர்டர் கொடுக்க இழுத்தடித்ததெல்லாம் ஆபீஸ்தான்.

"பாட்டு சொல்லிக் குடுக்கறதுக்கு எதுக்குத் தம்பி ஆர்டர்?" என்றார் கிளர்க். வாய்ப்பேச்சை நம்பிச் சேர்ந்த நண்பர் ஒருவர் கிறிஸ்துமஸ், ஈஸ்டர் எல்லாம் தாண்டியும் மதிப்பூதியத்துக்கு அலைந்ததைப் பார்த்தவன் நான். விடவில்லை.

எனக்குச் சொந்த ஊர் திருநெல்வேலிப் பக்கம். அங்கிருந்து சபை மாற்றுக் கடிதம் வேண்டும் என்றார் கிளர்க். வாட்ஸ்அப்பில் வரவழைத்துக் காட்டினேன், ஒரிஜினல்தான் வேண்டுமாம். கூரியரில் வந்ததைக் கொண்டுபோனால், "சீல் இருக்கு, யாருக்குன்னு போடலையே" என்றார். அதையும் திருத்தி வாங்கினால், திடப்படுத்தல் (கன்ஃபர்மேஷன்) சான்று எங்கே என்கிறார். அப்புறம் ஊரில் சந்தா கட்டிய ரசீது. முதல் நாளே ஒரு துண்டுச்சீட்டில் எழுதிக் கொடுத்திருக்கலாம் மனிதர்! ஒவ்வொரு தடவையும் திருவொற்றியூரிலிருந்து கன்டெய்னர் லாரி வரிசைக்குள் பைக்கை நுழைத்துப் போய் வந்தது நான்தானே. வெளியூர்க்காரர்கள் இந்தக் காகிதங்களை முன்பே வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். கடிதம் சேரப்போகும் சபையின் ஆயருக்கு என்று இருக்கட்டும்.

எட்டாம் கிரேடு சான்றிதழையும் ஃபைலில் வைத்திருந்தேன். ஏ.பி.ஆர்.எஸ்.எம். என்கிற லண்டன் இசைத் தேர்வு வாரியத்தில் அந்தச் செய்முறைத் தேர்வுக்குப் போவதற்கு முன்னால் ஐந்தாம் கிரேடு தியரி தேற வேண்டும் என்று இரவெல்லாம் படித்தது எனக்குத்தான் தெரியும். யாரும் அதைப் பிரித்துக்கூடப் பார்க்கவில்லை. "எங்க பசங்களுக்கு ஸ்டாஃப் வராது, சல்ஃபாதான்" என்று மட்டும் சொன்னார்கள். ஸ்டாஃப் என்றால் ஐந்து கோட்டில் எழுதும் இசைக்குறிப்பு, சல்ஃபா என்றால் டோ, ரே, மீ என்று எழுத்தில் எழுதுவது. சரி, நானும் சல்ஃபாவில் வளர்ந்தவன்தான்.

கமிட்டியில் ஒரு பெரியவர், ஒன்பது வேதபாடங்களும் பாட்டுகளுமாக நடக்கும் கிறிஸ்துமஸ் ஆராதனை கேம்பிரிட்ஜ் கிங்ஸ் காலேஜில் பிறந்தது, அதில் கை வைக்கக் கூடாது என்றார். "இங்கிலாந்துல ட்ரூரோவில் 1880லேயே நடந்திருக்கு சார், கிங்ஸ் காலேஜுக்கு 1918லதான் வந்துச்சு" என்றேன். அவர் முகம் சுருங்கிவிட்டது. ஆயர் குனிந்து ஃபைலைப் புரட்டினார், சிரிப்பை அடக்கத்தான் என்று நினைக்கிறேன்.

பைபிள் சங்கீதங்களைத் தமிழில் பாடினால் ஆங்கிலிக்கன் சாண்ட்டில், அதாவது வசனங்களைச் சின்ன மெட்டில் ஓதிப் பாடும் முறையில், உட்காராது என்று இன்னொருவர் கிளப்பினார். இரண்டு வசனங்களுக்கான மெட்டான டபுள் சாண்ட்டில் மொத்தம் இருபது சுரம்தான். ஒவ்வொரு அரை வசனமும் எவ்வளவு நீண்டாலும் அதன் முதல் சுரத்தில் நின்று பேசுகிற மாதிரி சொல்லிக்கொண்டே போய், கடைசி அசைகளில்தான் நகர வேண்டும். தமிழில் எங்கே நகர்வது என்பதில்தான் சிக்கல், பதங்கள் நீளம். இருபத்துமூன்றாம் சங்கீதத்தில் அந்த இடங்களைப் பென்சிலால் குறித்து ஜெராக்ஸ் கொண்டுபோயிருந்தேன். அங்கேயே எல்லோரையும் பாட வைத்தேன். சுருங்கின முகத்துப் பெரியவர்தான் அடிக்குரலான பாஸ் பாடினார், அதுவும் நன்றாகவே!

ஆர்டரை வாங்கியவுடன் வாசித்துப் பார்த்தேன். 'கௌரவப் பணி' என்று இருந்தது. அங்கேயே நின்று, 'மாத மதிப்பூதியத்துடன்' என்று மாற்றி டைப் அடிக்க வைத்து, தொகையையும் போடச் சொல்லித்தான் கிளம்பினேன்.

இன்னும் ஒன்று பாக்கி. பழைய நோட்டேஷன் தாள்கள் எல்லாம் வெஸ்ட்ரி (ஆயர் அங்கி மாற்றும் அறை) பீரோவில் இருக்கிறது. சாவி முந்தைய செயலரிடமாம், அவர் மகள் வீட்டுக்கு பெங்களூர் போயிருக்கிறாராம். உங்கள் ஆர்டரில் பீரோ சாவியையும் சேர்த்து எழுதி வாங்குங்கள்.