எல்லோருக்கும் 500

நோயாளியை ஸ்கானுக்குக் கொண்டுபோகும்போது வென்ரிலேற்றரைக் கழற்றிவிட்டு, மூச்சுக்குழலில் இறக்கியிருக்கும் குழாயில் ஒரு பையைப் பொருத்திக் கையால் அமுக்கி மூச்சுக் கொடுப்போம். தீவிர சிகிச்சைப் பிரிவிலிருந்து ஸ்கான் அறைவரை நீளும் அந்தத் தாழ்வாரத்தில்தான் நான் நுரையீரலைப் படித்தேன். தோட்டக் கொட்டிலில் நிலத்தில் பாய் விரித்துப் படுத்திருந்து கட்டுவிரியனிடம் கடிபட்ட விவசாயிக்குப் பையை அமுக்கினால் அது உள்ளங்கைக்குள் சத்தமில்லாமல் அடங்கும். எலிக்காய்ச்சலில் நுரையீரலுக்குள் இரத்தம் கசிந்த ஒருவருக்கு அதே பையை அமுக்கினால் அது கையை எதிர்த்துத் தள்ளும். தாழ்வாரம் முடிவதற்குள் பெருவிரலின் அடி நோகத் தொடங்கிவிடும்.

கைக்குத் தெரியும் இந்த வேறுபாட்டுக்கு வென்ரிலேற்றரில் ஓர் எண் இருக்கிறது. நாங்கள் அதைக் கொம்ப்ளையன்ஸ் என்றே சொல்கிறோம். தமிழில் ‘இணக்கம்’ என்ற சொல் எனக்குப் பொருத்தமாகப் படுகிறது. உள்ளே வரும் காற்றுக்கு நுரையீரல் எவ்வளவு இணங்கி விரிகிறது என்பதுதான் விடயம். ஒரு சென்ரிமீற்றர் நீர் அளவுக்கு அழுத்தம் கூடினால் எத்தனை மில்லிலீற்றர் காற்றுக்கு இடம் விடுகிறது என்று அளக்கிறோம். கணக்கு எளியது. மூச்சு முழுவதும் உள்ளே போனதும் அரை நொடி நிறுத்தி வைத்தால் ஓர் அழுத்தம் தெரியும், அது பிளற்றோ. மூச்சு வெளியேறிய பின்னும் நுரையீரல் சுருங்கிவிடாமல் இயந்திரம் பிடித்து வைத்திருக்கும் அழுத்தம் பீப். பிளற்றோவிலிருந்து பீப்பைக் கழித்து, வரும் எண்ணால் மூச்சின் கனவளவைப் பிரிக்க வேண்டும். கட்டுவிரியன் கடித்தவருக்கு 460 மில்லிலீற்றர், பிளற்றோ 13, பீப் 5. விடை 57.5. அவருடைய நுரையீரலுக்கு ஒன்றுமில்லை. நஞ்சு கட்டிப்போட்டது தசைகளைத்தான். கண் இமையைக்கூடத் தூக்க முடியாமல் கிடப்பார், நாம் பேசுவதெல்லாம் அவருக்குக் கேட்கும். சில நாள்கள் அவருக்காக மூச்சு விட்டுக்கொண்டிருந்தால் பெரும்பாலும் எழுந்து வீட்டுக்குப் போவார்.

நான் சொல்ல வந்தது வேறொருவரைப் பற்றி.

தாதியாக வேலையில் சேர்ந்த இரண்டாம் ஆண்டு. ஐம்பது வயதைக் கடந்த ஓர் அம்மா, நிமோனியா முற்றி வந்தார். குள்ளமானவர், பருத்த உடம்பு. வென்ரிலேற்றரில் மூச்சின் அளவு 500 மில்லிலீற்றர் என்று வைக்கப்பட்டது. யாரும் யோசித்து வைத்ததல்ல. நான் அப்போது வேலை செய்த இடத்தில் வளர்ந்தவர் என்றால் 500 என்பது ஒரு வழக்கமாக இருந்தது. மணிக்கொரு தடவை நான் படிவத்தில் பிளற்றோ அழுத்தத்தை எழுதினேன். 32, 34, 34. பீப் 6. எழுதுவதுதான் என் கடமை என்று நினைத்திருந்தேன். 500ஐ 28ஆல் பிரித்தால் 18 வரும் என்று நான் ஒரு நாளும் பிரித்துப் பார்க்கவில்லை. பார்த்திருந்தாலும் அந்தப் 18 என்ன சொல்கிறது என்று எனக்குத் தெரிந்திருக்காது.

மகள் பார்வை நேரத்தில் வந்து கட்டிலருகே நிற்பார். ஒரு நாள் என் கையைப் பிடித்துக்கொண்டு, “மிஸ், அம்மாவின் நெஞ்சு நன்றாக ஏறி இறங்குகிறது. சுகம் வந்துவிடும் அல்லவா?” என்று கேட்டார். நானும் அந்த நெஞ்சைப் பார்த்தேன். உண்மையாகவே நன்றாக ஏறி இறங்கியது. நல்ல அறிகுறி என்றுதான் நானும் நம்பினேன். அவருக்கு அப்படித்தான் சொன்னேன்.

ஒன்பதாம் நாள் அந்த அம்மா இறந்துபோனார். நிமோனியா எவ்வளவு தூரம் காரணம், அந்த 500 எவ்வளவு தூரம் காரணம் என்று பிரித்துச் சொல்ல ஒருவராலும் முடியாது. ஆனால் அந்த நெஞ்சு ஏறி இறங்கியது இன்றுவரை என் கண்ணில் நிற்கிறது.

சில ஆண்டுகள் கழித்து, மாற்றலாகி வந்த மயக்கவியல் வைத்திய நிபுணர் ஒருவர் இரவுக் கடமையில் ஒரு தாளில் படம் வரைந்து எங்களுக்கு விளக்கினார். 1980களில் இத்தாலியில் லூசியானோ கற்றினோனியும் அவருடன் இருந்தவர்களும் இப்படிப்பட்ட நோயாளிகளின் நுரையீரலை சிரி ஸ்கானில் பார்த்தார்கள். முழு நுரையீரலும் ஒரே சீராக இறுகிப் போயிருக்கும் என்றுதான் அதுவரை எண்ணம். ஸ்கான் காட்டியது வேறு. முதுகுப் பக்கம் நீரும் அழற்சியும் நிறைந்து காற்றுப் புகாமல் மூடிக் கிடக்க, முன்பக்கம் கொஞ்ச இடம் ஏறக்குறையச் சாதாரணமாகவே வேலை செய்துகொண்டிருந்தது. வளர்ந்த மனிதரின் நெஞ்சுக்குள் ஐந்தாறு வயதுப் பிள்ளையின் அளவு நுரையீரல். எண் 18 என்று இறங்கும்போது அது சொல்வது இதைத்தான்: இவருக்கு மிஞ்சியிருப்பது இவ்வளவே. அந்தச் சின்ன இடத்துக்குள் பெரியவருக்குரிய காற்றைத் திணித்தால், நலமாக இருந்த பகுதியும் அளவு மீறி விரிந்து புண்படும்.

வைத்தியர் தாளை மடித்துத் தந்தார். நான் அதற்குப் பிறகு அன்றிரவு அதிகம் பேசவில்லை.

2000ஆம் ஆண்டு வெளியான அமெரிக்க ஆய்வு ஒன்று 861 நோயாளிகளில் இதைச் சோதித்தது. ஒரு பிரிவினருக்குக் கிலோவுக்கு 12 மில்லிலீற்றர், மற்றப் பிரிவினருக்கு 6. முதற்பிரிவில் நூற்றுக்கு 39.8 பேர் இறந்தார்கள், இரண்டாவதில் 31. புதிய மருந்து எதுவும் இல்லை. மூச்சைச் சின்னதாக்கி, பிளற்றோவை 30ஐத் தாண்டாமல் பார்த்துக்கொண்டார்கள், அவ்வளவுதான்.

இங்கே கிலோ என்பது தராசு காட்டும் கிலோ அல்ல. இந்த இடத்தில்தான் பலரும் சறுக்குகிறார்கள், நாங்களும் சறுக்கினோம். உடம்பு பருத்தால் நுரையீரல் பருப்பதில்லை. அது உயரத்தோடு வளர்ந்த உறுப்பு. ஆகவே உயரத்திலிருந்து கணித்த எடைதான் கணக்கில் வரும். பெண்ணென்றால் உயரத்தில் 152.4 சென்ரிமீற்றரைக் கழித்து, 0.91ஆல் பெருக்கி, 45.5ஐக் கூட்ட வேண்டும். ஆணென்றால் 50ஐக் கூட்ட வேண்டும். அந்த அம்மாவின் உயரம் ஏறத்தாழ 152. கணித்த எடை 45 கிலோ. அவருக்கு உரிய மூச்சு 270. நாங்கள் கொடுத்தது 500, கிலோவுக்கு 11க்கு மேல். மகள் கண்டு மகிழ்ந்த அந்த ஏற்ற இறக்கம் இதுதான்.

சிறிய மூச்சு வைத்தால் அதைக் காப்பாற்றி வைத்திருப்பது இன்னொரு பாடு. இரவு இரண்டு மணிக்கு இரத்தவாயு அறிக்கை வரும், காபனீரொட்சைட்டு கூடியிருக்கும். பார்ப்பவரின் கை உடனே கனவளவைக் கூட்டப் போகும். கூட்டினால் அறிக்கை அழகாகிவிடும், நுரையீரல் கிழியும். மூச்சின் எண்ணிக்கையைக் கூட்டலாம். நிமிடத்துக்கு 35 வரை போகலாம். இரத்தத்தின் அமிலத்தன்மை தாங்கக்கூடிய எல்லைக்குள் இருக்கும்வரை காபனீரொட்சைட்டைக் கொஞ்சம் பொறுத்துக்கொள்ளலாம். இதைச் சொல்லி இளம் வைத்தியர்களோடு நான் வாதாடியிருக்கிறேன். சிலருக்குக் கோபம் வந்தது உண்டு. தாதி ஒருத்தி இதையெல்லாம் பேசலாமா என்று முகத்தில் தெரியும். பேசத்தான் வேண்டும். மணிக்கு மணி அந்த எண்ணைக் காண்பவள் நான்.

எண் இறங்கினால் உடனே நுரையீரலைக் குற்றம் சொல்லவும் கூடாது. மாரி முடிந்து இங்கே டெங்கு ஏறும் மாதங்களில் வயிற்றிலும் நெஞ்சறையிலும் நீர் கோத்து வருபவர்களுக்கு, வெளியிலிருந்து அந்த நீர் அமுக்குவதால் அழுத்தம் ஏறும். காற்றால் வயிறு ஊதியிருந்தாலும் அப்படித்தான். மூக்குக் குழாயால் இரைப்பையை வெறுமையாக்கி, தலைப்பக்கத்தை உயர்த்தினாலே எண் திரும்பும். காற்று உள்ளே பாயும்போது எழும் உச்ச அழுத்தம் மட்டும் 42 என்று துள்ளி, பிளற்றோ 20இலேயே இருந்தால், சளி அடைத்திருக்கிறது அல்லது குழாயைக் கடிக்கிறார் அல்லது மூச்சுக்குழல்கள் இறுகியிருக்கின்றன. இரண்டும் சேர்ந்து சடுதியாக ஏறினால் ஓட வேண்டும். குழாய் நழுவி வலப்பக்க நுரையீரலுக்குள் மட்டும் போயிருக்கலாம், நெஞ்சறைக்குள் காற்றுக் கசிந்திருக்கலாம்.

2024 நவம்பர் இறுதிப் பெருமழைக்குப் பிறகு, டிசம்பரில் யாழ்ப்பாணத்தில் எலிக்காய்ச்சல் பரவியபோது இதெல்லாம் ஒரே அறைக்குள் தேவைப்பட்டது. இன்ன காய்ச்சல் என்று தெரிவதற்கு முன்பே மூச்சுத் திணறி இறந்தவர்களின் செய்தி ஊரெங்கும் பரவிவிட்டதால், உறவினர்கள் வாசலில் நின்று நடுங்கினார்கள். வெள்ளத்தில் நின்று வயலைப் பார்த்த ஒரு தம்பி என் பொறுப்பிலிருந்த கட்டிலில். உயரம் 168. அவருக்கு மூச்சு 385, பிளற்றோ 28, பீப் 12. இணக்கம் 24. அவரைக் குப்புறப் புரட்டுவதென்று முடிவானது. முதுகுப்பக்கம் மூடிக்கிடக்கும் இடங்கள் பாரம் நீங்கித் திறக்கும் என்பதுதான் காரணம். நாளொன்றுக்கு 16 மணி நேரமாவது அப்படி வைத்தால் உயிர்கள் மிஞ்சுகின்றன என்று 2013இல் வெளியான பிரெஞ்சு ஆய்வு ஒன்று காட்டியிருந்தது. தலைமாட்டில் வைத்தியர் குழாயைப் பிடிக்க, பக்கத்துக்கு இருவர், சிற்றூழியர் அண்ணை ஒருவர் காலடியில். மூன்று எண்ணிப் புரட்டினோம். முகத்தின் கீழ் தலையணை, கண்களுக்குக் களிம்பு, இரண்டு மணிக்கொரு தடவை முகத்தை மறுபக்கம் திருப்புதல். அடுத்த நாள் மல்லாத்திய பிறகு பிளற்றோ 24. நான் கணக்குப் போட்டு, 32 என்று பதிவேட்டில் எழுதி, கீழே கோடு போட்டேன்.

அவருடைய தாயார் வாசலில் எழும்பி வந்தார். “பிள்ளை, என்ன நிலைமை?” நெஞ்சு நன்றாக ஏறி இறங்குகிறது என்று நான் சொல்லவில்லை. “அம்மா, நேற்றையைவிட இன்று அவருடைய நுரையீரலில் கூடுதலான இடம் திறந்திருக்கிறது. இன்னும் ஆபத்து நீங்கவில்லை” என்றேன். அவர் தலையாட்டிவிட்டுப் பழையபடி வாங்கில் அமர்ந்தார்.

என் சட்டைப் பையில் அளவுநாடா ஒன்று இருக்கிறது. கால் மடங்கிப் போனவர்களுக்கும் கூனிய முதியவர்களுக்கும் கையை நீட்டி, நெஞ்சின் நடுவிலிருந்து விரல் நுனிவரை அளந்து இரட்டிப்பேன். நாடாவின் முதல் சில சென்ரிமீற்றர்கள் தேய்ந்து எண் அழிந்துவிட்டதால் 10இலிருந்து பிடித்துக் கழிப்பது வழக்கம். போன கிழமை இரவு ஓர் ஆச்சியைக் கொண்டுவந்தார்கள். புதிதாக வந்த தங்கச்சி வென்ரிலேற்றரைத் தயார் செய்துவிட்டு, நான் கேட்பதற்கு முன்பே என் பையைப் பார்த்துக் கையை நீட்டினாள். உச்சியில் 10ஐ வைத்து நான் பிடிக்க, அவள் குதிக்காலில் படித்தாள். 159. “அப்போது 149” என்றாள், சுவரில் ஒட்டியிருந்த அட்டவணையைப் பார்த்தாள், வைத்தியரைத் திரும்பிப் பார்த்தாள். வைத்தியர் 250 என்று வைத்தார்.