எம்மானுவேல் ரிவாவின் கேமரா

பிரெஞ்சு நடிகை எம்மானுவேல் ரிவாவைப் பலரும் ‘அமூர்’ படத்துப் பாட்டியாகத்தான் நினைவு வைத்திருக்கிறார்கள். எனக்கோ, கையில் கேமராவோடு ஹிரோஷிமாவில் சுற்றித் திரிந்த பெண்தான் முதலில் கண்ணுக்குள் வருவார்.

பிரான்சின் வோஜ் பக்கம் தையல் வேலை பார்த்தவர், நாடக ஆசையில் பாரிஸுக்கு வந்தார். 1958இல் இயக்குநர் அலென் ரெனேயின் படத்தில் நடிப்பதற்காக ஜப்பான் போனபோது, தெருக்களையும் குழந்தைகளையும் படம்பிடித்துத் தள்ளியிருக்கிறார். குண்டு விழுந்து அப்போது 13 வருடம்தான். அந்தப் படங்கள் சுமார் ஐம்பது வருடம் கிடப்பில் கிடந்து, அப்புறம்தான் புத்தகமாயின.

நடுவில் மேடை அவரை விடவில்லை. சினிமாதான் கொஞ்சம் மறந்துபோனது. பிறகு ‘அமூர்’, ஆஸ்கர் பரிந்துரை. 2013 விழா நடந்தது அவருடைய 86ஆவது பிறந்தநாளன்று. விருது கொடுக்கவில்லை. கொடுத்திருக்கலாம், பாவிகள்!