கிளியோனுக்காக ஒரு வார்த்தை

பண்டைய கிரேக்க நகர அரசான ஏதென்ஸின் அரசியல்வாதி கிளியோனை வாய்ச்சவடால் பேர்வழி என்றே பலரும் எழுதுகிறார்கள். அந்தச் சித்திரத்தைத் தந்தவர்கள் முக்கியமாக இருவர், இருவருமே அவருக்கு ஆகாதவர்கள். நாடகாசிரியர் அரிஸ்டோபனீஸ்மீது கிளியோன் வழக்குத் தொடுத்திருந்தார். வரலாற்றாசிரியர் துசிடிடீஸோ ஆம்பிபொலிஸ் நகரைக் காக்கத் தவறி நாடுகடத்தப்பட்ட தளபதி. அந்தத் தண்டனைக்குப் பின்னால் கிளியோன் இருந்தார் என்று பலர் கருதுகிறார்கள். உறுதியான சான்று கிடையாது.

அதற்காகத் துசிடிடீஸைத் தூக்கி எறிய நான் தயாரில்லை. கி.மு. 425இல் ஸ்பாக்டீரியா தீவில் சிக்கிய, ஏதென்ஸின் எதிரியான ஸ்பார்ட்டாவின் வீரர்களை இருபது நாளில் உயிருடன் பிடித்து வருவேன், இல்லையேல் அங்கேயே கொல்வேன் என்று கிளியோன் சபதம் செய்தார். அதைப் பைத்தியக்காரத்தனம் என்று எழுதும் துசிடிடீஸ், அதே மூச்சில் சபதம் நிறைவேறியது என்றும் எழுதுகிறார். பிடிபட்டவர்கள் 292 பேர் என்ற கணக்கும் அவர் கொடுத்ததுதான். வெறுத்தவரின் பேனாவிலிருந்தே வந்த இந்த வெற்றியை நான் முழுதாக நம்புகிறேன். பொய் சொல்லி அவருக்கு என்ன லாபம்?

கி.மு. 422இல் ஆம்பிபொலிஸில் கிளியோன் இறந்ததை மட்டும் அப்படி ஏற்க முடியவில்லை. புறமுதுகிட்டு ஓடும்போது கொல்லப்பட்டார் என்கிறார் துசிடிடீஸ். வீரமாகப் போரிட்டு மடிந்தார் என்கிறார் இன்னொரு வரலாற்றாசிரியரான டியோடோரஸ். டியோடோரஸ் நானூறு ஆண்டுகள் கழித்து எழுதியவர், அவரையும் கண்ணை மூடிக்கொண்டு நம்ப முடியாது. ஆனால் துசிடிடீஸ் தன் பதவியைப் பறிகொடுத்த ஊர் அது. அங்கே அவர் எழுதிய ஒவ்வொரு சொல்லையும் இருமுறை படிக்கிறேன்.