ஷாங்காயில் ஒரு தாய்
1934இல் சீனாவில் வந்த 'தி காடஸ்' மௌனப் படத்தை மறுபடி பார்த்தேன், இன்னும் மனசு ஆறவில்லை. ஷாங்காயில் பிள்ளையை வளர்க்க ராத்திரியில் தெருவில் நிற்கிற ஒருத்தி, போலீசுக்குப் பயந்து ஓடி நுழைகிற அறை ஒரு ரவுடியுடையது, அன்றிலிருந்து அவள் சம்பாத்தியம் அவனுக்குத்தான். வீடு மாற்றினாலும் தேடி வந்து, பிள்ளையை ஒளித்து வைத்து மிரட்டுகிறான். அவன் அகட்டி நிற்கிற கால்களுக்குப் பின்னால் கேமரா, அந்தக் கால்களுக்கு நடுவே தாயும் பிள்ளையும். அந்த ஒரு ஷாட் போதும். அப்புறம், பையனின் படிப்புக்காகச் சுவர் ஓட்டையில் காசை ஒளித்துவைத்து வருகிறாள், அதையும் எடுத்துப்போய்ச் சூதாடிவிடுகிறான்.

ஆனால் எனக்கு அவனைவிட அந்தப் பள்ளிக்கூடத்துப் பெற்றோர்கள் மேல்தான் ஆத்திரம். தாயின் தொழிலைச் சொல்லிக் கடிதம் எழுதியே பையனை வெளியே தள்ளிவிடுகிறார்கள், தலைமையாசிரியர் ஒருவர்தான் எதிர்த்துப் பேசி வேலையையும் விடுகிறார். இயக்குநர் வூ யோங்காங்குக்கு இது முதல் படமாம், நம்பவே முடியவில்லை.

தாயாக நடித்த ருவான் லிங்யூ 1935 மார்ச் 8 அன்று, 24 வயதில், தற்கொலை செய்துகொண்டார். அவருடைய சொந்த வாழ்க்கையைப் பத்திரிகைகள் கிழித்துத் தொங்கவிட்டிருந்த நேரம் அது. படம் இணையத்தில் கிடைக்கிறது, தயவுசெய்து பாருங்கள்.