அமெரிக்கா–சீனா வர்த்தகக் கேள்வியில் நான் அரியர் வைத்த கதை

நேற்று ரிசல்ட் வந்தது. பன்னாட்டு வணிகம் தாளில் 61. போன முறை 35, அதாவது பாஸ் மார்க்குக்கு மூன்று குறைவு. அந்த மூன்று மார்க் எங்கே போனது என்று எனக்குத் துல்லியமாகத் தெரியும், அதனால்தான் இதை எழுதுகிறேன். ரிக்கார்டோ, ஹெக்‌ஷர்-ஓலின், வாணிப வீதம் போன்ற கோட்பாடுகளுக்கெல்லாம் வழிகாட்ட நிறையப் பேர் இருக்கிறார்கள், அதில் நான் புதிதாகச் சொல்ல எதுவும் இல்லை.

பார்ட் சி-யில் ஒரு கேள்வி: 2001க்குப் பிறகு அமெரிக்கா, சீனா இடையிலான சரக்கு வர்த்தகத்தின் போக்கு. வாசித்ததும் உள்ளுக்குள் ஒரே குஷி. எண்களெல்லாம் நாக்கு நுனியில் இருந்தன. நான்கு பக்கம் எழுதித் தள்ளினேன். பத்துக்கு இரண்டு கிடைத்தது.

மறுமதிப்பீடு வேண்டாம், முதலில் நகலைப் பார்க்கலாம் என்று விடைத்தாள் நகல் வாங்கினேன். இரண்டாம் பக்கத்தில் என் கையெழுத்தில், 'வரிப்போருக்குப் பிறகும் அமெரிக்காவின் பற்றாக்குறை 323 பில்லியன் டாலரிலிருந்து 361 பில்லியனாக உயர்ந்தது' என்று இருக்கிறது. நான்காம் பக்கத்தில், 'வரிப்போரால் பற்றாக்குறை 418 பில்லியனிலிருந்து 295 பில்லியனாகச் சரிந்தது.' இரண்டும் 2018ஐயும் 2024ஐயும் ஒப்பிடும் வாக்கியங்கள்தான். (பற்றாக்குறை என்றால் சீனாவுக்கு விற்றதைவிட அங்கிருந்து வாங்கியது எவ்வளவு அதிகம் என்பது; வரிப்போர் என்றால் 2018இலிருந்து இரு நாடும் மாறி மாறிப் போட்ட இறக்குமதி வரிகள்.) இரண்டையும் சிவப்பு மையில் வட்டமிட்டு, பக்கத்தில் ஒரு கேள்விக்குறி. வேறு ஒரு எழுத்துக்கூட இல்லை.

முதலில் கோபம்தான் வந்தது, ஏனென்றால் நான்கு எண்ணும் சரி! முதல் ஜோடி சீனச் சுங்கத்துறையின் கணக்கு, இரண்டாவது அமெரிக்க சென்சஸ் பீரோவின் கணக்கு. நான் இரண்டு இடத்திலிருந்து குறிப்பெடுத்து, எது யாருடையது என்று எழுதி வைக்காமல், தேர்வு அறையில் ஒன்றாகக் கலக்கிக் கொட்டிவிட்டேன். கோபம் அடங்கிய பிறகுதான் அந்தக் கேள்விக்குறியின் நியாயம் புரிந்தது.

ஆக, என்னிடம் கேட்டால் இந்தப் பகுதிக்கு ஒரே ஒரு அறிவுரைதான்: எண்ணை எழுதும்போதே அது யார் வீட்டு நோட்டில் இருந்து வந்தது என்று சேர்த்து எழுதுங்கள். பக்கத்தில் 'அ' அல்லது 'சீ' என்று ஒரே ஓர் எழுத்து போதும். இதை நான் கொஞ்சம் அதிகமாகவே சொல்கிறேன் என்று தெரியும், சூடு கண்ட பூனை.

இரண்டு நோட்டும் ஏன் ஒத்துப்போவதில்லை என்று கேட்டால் அங்கேதான் மார்க் இருக்கிறது, இதை நன்றாகப் படியுங்கள். பழைய காலத்தில் அமெரிக்கக் கணக்கில் பற்றாக்குறை பெரிது, சீனக் கணக்கில் சிறிது. ஹாங்காங் வழியாகப் போகிற சரக்கு ஒரு பெரிய காரணம். பொருள் எங்கே தயாரானது என்று பார்த்து அமெரிக்கா அதைச் சீன இறக்குமதியாக எழுதும், சீனத் தரப்பில் அதில் ஒரு பகுதி ஹாங்காங் ஏற்றுமதியாகப் பதிவாகும். அப்புறம், சீனா தன் இறக்குமதியை சி.ஐ.எஃப் மதிப்பில், கப்பல் கூலியும் காப்பீடும் சேர்த்து எழுதுகிறது. அதனால் அமெரிக்காவிடம் வாங்கியது அதன் நோட்டில் சற்றுப் பெரிதாகத் தெரியும்.

2018 வரிகளுக்குப் பிறகு இது தலைகீழானது. 2024க்கு அமெரிக்கா சொல்வது 295, சீனா சொல்வது 361. வரியைக் குறைக்க இறக்குமதியாளர்கள் மதிப்பைக் குறைத்துக் காட்டுவது ஒரு காரணம் என்று அமெரிக்க மத்திய வங்கியான ஃபெடரல் ரிசர்வின் பொருளியலாளர்கள் 2021இலேயே எழுதினார்கள். சீனத் தரப்பில் ஏற்றுமதிக்கு வாட் (மதிப்புக்கூட்டு) வரி திரும்பக் கிடைக்கும் சலுகை பெருகியது, அதனால் ஏற்றுமதியை முழுசாகப் பதிவு செய்ய அங்கே ஆசை கூடியது. 800 டாலருக்குக் கீழான பார்சல்கள் வரியின்றி நுழைந்தது இன்னொன்று, அவை அமெரிக்க இறக்குமதிப் புள்ளிவிவரத்தில் பெரும்பாலும் ஏறவில்லை. சீனப் பார்சல்களுக்கு அந்தச் சலுகை 2025 மே மாதம் நின்றது. இரண்டாவது முறை இதை ஒரு பத்தியாக எழுதினேன். ஏழு மார்க்குக்குக் குறையாமல் போட்டிருப்பார்கள் என்று நினைக்கிறேன்.

பற்றாக்குறைக்கு நான் வைத்திருந்த எண்கள் இவ்வளவுதான். எல்லாம் அமெரிக்கக் கணக்கு, பில்லியன் டாலர், சரக்கு மட்டும்:

2001 – பற்றாக்குறை 83 (சீனா உலக வர்த்தக அமைப்பில் சேர்ந்தது அந்த டிசம்பர்)
2009 – 227, நெருக்கடிச் சரிவு
2018 – 418
2023 – 279, மெக்சிகோ சீனாவை முந்தி முதல் இறக்குமதி மூலமானது
2024 – 295

போன முறை முப்பது எண் தெரியும், ஃபெயில். இந்த முறை ஐந்துதான். லட்சம் கோடிக்கு மாற்றப் போகாதீர்கள், பூஜ்ஜியத்தில் தவறுவீர்கள். சேவை வர்த்தகத்தைக் கலக்காதீர்கள், அதில் அமெரிக்காவுக்கு உபரி, சேர்த்தால் எண் மாறிவிடும்.

2025 வரிகளை நாள்வாரியாக மனப்பாடம் செய்கிறவர்களைப் பார்த்தால் பாவமாக இருக்கிறது. ஏப்ரலில் அமெரிக்காவின் புதிய வரி 145 சதவீதம், சீனாவின் பதில் 125, மே மாதம் ஜெனீவாவில் 30க்கும் 10க்கும் இறங்கியது. இது போதும்.

ஏற்றுமதிப் பக்கத்துக்கு சோயாவை எடுங்கள், கதை சுத்தமாக இருக்கும். 2017இல் சீனா ஏறக்குறைய 12 பில்லியன் டாலருக்கு அமெரிக்க சோயா வாங்கியது. 2018 ஜூலையில் அதற்கு 25 சதவீத வரி போட்டதும், அந்த ஆண்டு முடிவில் அது 3 பில்லியன் சுமாருக்கு வந்துவிட்டது. இடத்தைப் பிரேசில் நிரப்பியது. 2020 ஜனவரியில் இரு நாடும் போட்ட முதற்கட்ட வர்த்தக ஒப்பந்தத்தில், 2017 அளவைவிடக் கூடுதலாக 200 பில்லியன் டாலருக்கு வாங்குவதாகச் சீனா ஒத்துக்கொண்டதும், ஒத்துக்கொண்ட மொத்தக் கொள்முதலில் அறுபது சதவீதம்கூட எட்டாததும் இதோடு சேர்த்து எழுதலாம்.

'பற்றாக்குறை குறைந்தது' என்பதோடு விடையை முடித்துவிட வேண்டாம். அமெரிக்காவின் மொத்தச் சரக்குப் பற்றாக்குறை 2018இல் 900 பில்லியனுக்குக் கீழே, 2024இல் 1,200 பில்லியன். வியட்நாமுடன் மட்டும் 2017இல் 38 இருந்தது 2024இல் 123 ஆகியிருக்கிறது. சீன உதிரிபாகம் அங்கே போய்ப் பூட்டப்பட்டு வந்தால் நோட்டில் பெயர் மாறும். இதற்குப் பழைய உதாரணம் ஒன்று உண்டு: ஐபோன் 3ஜி-யின் தயாரிப்புச் செலவு 179 டாலர், அதில் சீனாவில் பூட்டிய கூலி ஆறரை டாலர்தான், ஆனால் முழுத் தொகையும் சீன ஏற்றுமதியாகவே பதிவானது. இதை எழுதினால் திருத்துகிறவர் நிமிர்ந்து உட்காருவார்.

எப்படிப் படித்தேன் என்று கேட்கிறார்கள். குரூப் ஸ்டடி எனக்கு ஆகாது, நாலு பேர் பேசினால் நாலு எண் கலந்துவிடும் (பார்த்தீர்கள் அல்லவா). ஒரு ஏ4 தாளில் பென்சிலால் ஒரே ஒரு கோடு: 2001இலிருந்து ஏறி, 2009இல் சற்றுச் சரிந்து, 2018இல் உச்சம், அப்புறம் இறக்கம். மேலே பெரிதாக 'அ'. அதைத் தினம் காலையில் பார்க்காமல் ஒருமுறை வரைவேன். இருபது நாளில் கை தானாக வரைந்தது. தேர்விலும் முதலில் அந்தக் கோட்டை வரைந்து, கீழே 'ஆதாரம்: அமெரிக்க சென்சஸ் பீரோ' என்று எழுதிவிட்டுத்தான் பேனாவை வாக்கியத்துக்குக் கொண்டுபோனேன். மூன்று பக்கத்தில் முடிந்துவிட்டது, நேரமும் மிச்சம்.