கடலுக்குள் போடும் சட்டை

"கடலுக்குள்ள போடுறதக் கரையில போட்டுக்கிட்டு நிக்கச் சொல்றீகளே தம்பி. அதிகாரி முன்னாடி இப்படியா போய் நிப்போம்?"

படப்பிடிப்பில் நடிக்க வந்த ஓர் அக்கா, உடை வடிவமைப்பாளனான என்னிடம் கேட்டது இதுதான். "கேமராவுக்கு அதுதான்க்கா சரியா வரும்" என்றேன். பொய் இல்லை. ஆனாலும் அந்தப் பதில் இன்னும் உறுத்துகிறது.

பாம்பன் பக்கம் கடல்பாசி எடுக்கும் பெண்கள் வனத்துறை அதிகாரியிடம் முறையிடும் காட்சி அது. மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளும் 1986இல் தேசியப் பூங்காவானதிலிருந்து அங்கே பாசி எடுப்பதில் இருந்துவரும் பிரச்சினை என்பதால் ஊர்க்காரர்களையே நடிக்க அழைத்திருந்தோம். எல்லோரும் தலை சீவிப் பூ வைத்து, பளிச்சென்ற சேலையில் வந்துவிட்டார்கள். சேலைக்கு மேல் ஆண்கள் சட்டை, விரல்களில் துணிச்சுற்று என்று நான் தயார் செய்திருந்ததைப் போடச் சொன்னேன்.

என் பக்கம் நியாயம் இல்லாமல் இல்லை. ஒரே ஃபிரேமில் பத்து நிறம் அடித்துக்கொண்டால் பேசுகிறவர் முகத்தில் கண் நிற்காது. கடலில் உழைக்கிறவர்கள் என்பதை வசனம் தொடங்குமுன் உடை சொல்லியாக வேண்டும். உடை வடிவமைப்பாளனுக்குச் சம்பளமே அதற்குத்தான்.

இத்தனைக்கும் அந்த அக்கா சொன்னதைக் காதில் வாங்காதவன் இல்லை நான். புதுச்சட்டை கொடுத்து அவர்களுடைய பழைய சட்டைகளை வாங்கியிருந்தோம். அது போதாமல், புதுத்துணியை டீ டிகாஷனில் ஊறவைத்து, காலரிலும் தோளிலும் உப்புத்தாள் போட்டுத் தேய்த்துப் பழசாக்கினோம். அதில் ஒன்றைக் கையில் வாங்கிப் புரட்டிப் பார்த்தவர், "இங்கயா கிழியும்? குப்புற முங்கிப் பாரைப் பிடிச்சில்ல பாசியப் பிய்ப்போம்" என்று கைநுனியையும் வயிற்றுப் பக்கத்தையும் தொட்டுக் காட்டினார். பாறையில் உரசுவது அங்கேதான். இடுப்பில் பாசிப்பை கட்டும் இடம் தனியாக நைந்திருக்கும் என்றார். ராத்திரியோடு ராத்திரியாக எல்லாச் சட்டையையும் மாற்றினோம். படம் வந்த பிறகு அந்தக் கிழிசல்களைத்தான் பலரும் பாராட்டினார்கள்.

கிழிசலைப் பற்றிச் சொன்னதை எடுத்துக்கொண்டேன், எங்கே போய் நிற்கும்போது எதை உடுத்துவோம் என்று சொன்னதை விட்டுவிட்டேன். முதலாவது என் வேலைக்கு உதவியது. இரண்டாவது, காட்சியில் எந்தெந்த நிறம் வரலாம் என்று நான் போட்டுவைத்த நிறப்பட்டியலையே கலைத்திருக்கும்.

சினிமாவுக்கு இந்தக் கடற்கரை என்றாலே 1964 புயலில் சிதைந்த தனுஷ்கோடி தேவாலயம்தான். உப்பரித்த சுவர், வெளிறிய பழுப்பு. அந்த நிறத்தையே இங்கே வாழ்கிறவர்களுக்கும் உடுத்திவிடுகிறோமோ என்று தோன்றுகிறது. மனு கொடுக்கப் போகிறவர் இருப்பதில் நல்ல சேலையைக் கட்டுவார். என் அம்மாவும் தாலுகா ஆபீஸுக்கு அப்படித்தான் போவார். தெரிந்த விஷயம்தானே?

சரி, அந்தச் சேலைகளிலேயே எடுத்திருந்தால்? "இவங்களுக்கு என்ன குறை?" என்று பார்க்கிறவர் நினைத்துவிட்டால் காட்சியே செத்துவிடும். இதை நான் இன்னும் நம்புகிறேன். ஆனால் கஷ்டத்தை நம்பவைக்கக் கிழிந்த சட்டைதான் வேண்டும் என்று பார்க்கிறவருக்குப் பழக்கிவிட்டது யார்? என்னைப் போன்றவர்கள்தானே? அடுத்த கதையிலும் கடற்கரை வருகிறது. நிறப்பட்டியல் போடுவதற்கு முன் இந்த வாதத்தை இயக்குநரிடம் வைக்கப் போகிறேன். "கேமராவுக்கு எது சரியா வரும்?" என்று அவர் கேட்டால் என்ன சொல்வது என்று இன்னும் பிடிபடவில்லை.