எம்.எஸ். ஆர்த்தோ தேர்வுக்கு ரொட்டேட்டர் கஃப்: ஜூனியர்களுக்குச் சில வார்த்தைகள்

எம்.எஸ். ஆர்த்தோ, அதாவது எலும்பியல் முதுநிலைத் தேர்வு நெருங்கினால் ஜூனியர்கள் கேட்கிற கேள்விகளில் தோள்பட்டை கட்டாயம் இருக்கும், அதிலும் ரொட்டேட்டர் கஃப், அதாவது தோள் மூட்டைச் சுற்றிப் பிடித்திருக்கும் நான்கு தசைகளும் அவற்றின் தசைநாண்களும். "அண்ணா, கஃப் கிழிசலுக்கு எந்த கிளாசிஃபிகேஷன் படிக்கணும்?" எல்மன், கோஃபீல்ட், பாட், கூட்டாலியே, ஹமாடா, லஃபோஸ் என்று வகைப்படுத்திய மருத்துவர்களின் பெயர்கள் வரிசைகட்டி நிற்பதால் எல்லாம் ஒன்றோடொன்று குழம்புகிறது. எல்லாவற்றையும்தான் படிக்க வேண்டும், வேறு வழியில்லை. ஆனால் ஒவ்வொருவரும் எந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல வந்தார் என்று பார்த்துப் படியுங்கள், ஏனென்றால் தேர்வாளர் சுற்றி வளைத்துக் கடைசியில் வந்து நிற்கும் இடம் "சரி, இந்த நோயாளிக்கு நீ என்ன செய்வாய்?" என்பதுதான்.

முதலில் கேஸ், அதாவது தேர்வில் நாம் பரிசோதிக்க வேண்டிய நோயாளி. தோள்பட்டை பெரும்பாலும் ஷார்ட் கேஸாகத்தான் வரும், நேரம் கொஞ்சம்தான். கையைத் தூக்க முடியவில்லை என்று ஒரு பெரியவர் உட்கார்ந்திருப்பார். அவரால் தூக்க முடியவில்லையா, நாம் தூக்கினாலும் போகவில்லையா என்பதை முதல் நிமிடத்திலேயே பிரித்துவிட வேண்டும். நாம் தூக்கினால் முழுதாகப் போகிறது, அவராகத் தூக்கினால் பாதியில் நிற்கிறது என்றால் கஃப் அல்லது நரம்பு. நாம் தூக்கினாலும் தடைப்படுகிறது, அதிலும் வெளிப்பக்கச் சுழற்சி நன்றாகக் குறைந்திருக்கிறது என்றால் ஃப்ரோசன் ஷோல்டர் (தோள் மூட்டின் உறை இறுகிப்போவது) அல்லது மூட்டுத் தேய்மானம். சர்க்கரை இருக்கிறதா என்று கேட்டுவிட்டு எக்ஸ்ரேயைப் பாருங்கள், தேய்மானம் அதில் தெரிந்துவிடும்.

சட்டையைக் கழற்றச் சொல்லிவிட்டுப் பின்னால் போய் நில்லுங்கள். நிறைய பேர் முன்னால் நின்றே கேஸை முடித்துவிடுகிறார்கள். ஸ்கேபுலா என்ற தோள்பட்டை எலும்பின் பின்பக்க மேட்டுக்கு (ஸ்பைன்) கீழே ஒரு குழி விழுந்திருந்தால் இன்ஃப்ராஸ்பினேட்டஸ் என்ற கஃப் தசை மெலிந்திருக்கிறது, அதாவது கிழிசல் நேற்று வந்ததில்லை. மேலே இருக்கும் சுப்ராஸ்பினேட்டஸ் என்ற இன்னொரு கஃப் தசையை டிரபீசியஸ் தசை மூடியிருப்பதால் அங்கே கண்ணைவிட விரல்தான் நம்பகமானது. முழங்கையை மடக்கச் சொன்னால் பைசெப்ஸ் கீழே உருண்டு திரள்கிறதா என்றும் பாருங்கள். பைசெப்ஸின் நீண்ட தசைநாணான லாங் ஹெட் அறுந்திருந்தால் கஃப் பிரச்சினை பழையது என்பதற்கு அது இன்னொரு சாட்சி.

அப்புறம் சோதனைகள். காலையிலிருந்து அந்தப் பெரியவரின் கையை உங்களுக்கு முன்னால் பலர் முறுக்கியிருப்பார்கள். "ஐயா, எங்க வலிக்குதுன்னு காட்டுங்க" என்று கேட்டுவிட்டு, வலி தரும் சோதனைகளைக் கடைசிக்கு வையுங்கள். தேர்வாளர்கள் இதைக் கவனிக்கிறார்கள் என்பது என் எண்ணம், கவனிக்காவிட்டாலும் செய்ய வேண்டியது அதுதான். சுப்ராஸ்பினேட்டஸுக்கு ஜோப் சோதனை, இன்ஃப்ராஸ்பினேட்டஸுக்கு முழங்கையை உடலோடு ஒட்டி வைத்து வெளிப்பக்கச் சுழற்சியின் பலம், மற்ற இரண்டு கஃப் தசைகளான டெரிஸ் மைனருக்கு ஹார்ன்ப்ளோவர், சப்ஸ்கேபுலாரிஸுக்கு கெர்பரின் லிஃப்ட்-ஆஃப் (முதுகுக்குப் பின்னால் வைத்த கையை விலக்கித் தூக்கச் சொல்வது). கையை முதுகுக்குப் பின்னால் கொண்டுபோக முடியாதவருக்கு லிஃப்ட்-ஆஃப் செய்யவே முடியாது, அவருக்கு பெல்லி-பிரஸ் (உள்ளங்கையால் வயிற்றை அழுத்தச் சொல்வது) செய்யுங்கள். இவற்றில் எனக்கு ரொம்பப் பிடித்தது எக்ஸ்டர்னல் ரொட்டேஷன் லேக் சைன். முழங்கையை 90 டிகிரி மடக்கி, கையை 20 டிகிரி அளவு உயர்த்தி, வெளிப்பக்கம் முழுதாகச் சுழற்றி, ஒரு சொட்டுக் குறைத்து, "அப்படியே பிடிங்க" என்று சொல்லி மணிக்கட்டை விடுங்கள். கை தானாக உள்ளே திரும்பி வந்தால் கிழிசல்தான், அதற்கு மேல் விவாதம் வேண்டாம். வலியால் பலவீனமா, கிழிசலால் பலவீனமா என்று கேட்டால் சப்அக்ரோமியல் இடத்தில், அதாவது தோள்பட்டை நுனி எலும்பான அக்ரோமியனுக்குக் கீழே, லிக்னோகெய்ன் மரப்பு ஊசி போட்டு வலி போன பிறகு மறுபடி பார்ப்பேன் என்று சொல்லுங்கள். கழுத்தைப் பார்க்காமல் தோள்பட்டை கேஸை முடிக்காதீர்கள். கழுத்தில் சி5 நரம்பு வேர் அழுத்தப்பட்டாலும் கை தூக்க வராது.

இனி கிளாசிஃபிகேஷன்கள். கிழிசல் முழு ஆழத்துக்கும் போயிருக்கிறதா, பாதிதானா? பாதி என்றால் எல்மன், 1990. மூட்டுப் பக்கம், பர்சா (தசைநாணின் மேலிருக்கும் திரவப் பை) பக்கம், தசைநாணுக்கு உள்ளேயே என்று மூன்று இடங்கள். ஆழம் 3 மி.மீ.க்குக் கீழே, 3 முதல் 6, 6க்கு மேல் என்று மூன்று கிரேடுகள். அந்த 6 எங்கிருந்து வந்தது என்று கேட்பார்கள். சுப்ராஸ்பினேட்டஸ் எலும்பில் ஒட்டும் இடத்தின் அகலம் சுமார் 12 மி.மீ., அதில் பாதி 6. பாதிக்கு மேல் போயிருந்தால் தைப்பதைப் பற்றி யோசிக்கிறோம், குறைவென்றால் பிசியோதெரபி, அதிலும் சரியாகாவிட்டால் டிபிரைட்மென்ட், அதாவது நைந்த பகுதியை மட்டும் சுத்தம் செய்வது. பர்சா பக்கக் கிழிசலுக்கு இந்த எல்லையைக் கொஞ்சம் தாழ்த்திக்கொள்கிறவர்கள் உண்டு. இவ்வளவு சொன்னால் எல்மன் முடிந்தது.

முழு ஆழக் கிழிசல் என்றால் எவ்வளவு பெரியது? டிஓரியோவும் கோஃபீல்டும் 1984இல் சொன்னது: 1 செ.மீ.க்குக் கீழே சின்னது, 3 வரை நடுத்தரம், 5 வரை பெரியது, அதற்கு மேல் மாஸிவ், அதாவது மிகப் பெரியது. கெர்பர் அளவுகோலை விட்டுவிட்டு, இரண்டு தசைநாண்களாவது முழுதாகப் போயிருந்தால் மாஸிவ் என்றார். இரண்டையும் சொல்லுங்கள், உருவத்தில் சின்னவருக்கும் பெரியவருக்கும் 5 செ.மீ. ஒன்றல்ல என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள். கிழிந்த முனை எவ்வளவு தூரம் உள்ளே இழுத்துக்கொண்டது என்றால் பாட்: ஒட்டும் இடத்துக்கு அருகில், ஹ்யூமரஸ் (மேல்கை எலும்பு) தலைக்கு நேரே, கிளினாய்டுக்கு (அந்தத் தலை பொருந்தும் குழி) நேரே. சப்ஸ்கேபுலாரிஸ் கிழிசலுக்குத் தனியாக லஃபோஸ், ஐந்து வகை. அதில் முதல் வகை மேல் மூன்றில் ஒரு பங்கின் பகுதிக் கிழிசல், ஐந்தாவதில் தலையே இடம் நகர்ந்திருக்கும். எம்.எஸ்.க்கு இந்த அளவு தெரிந்தால் போதும்.

நின்று நிதானித்துப் படிக்க வேண்டியது கூட்டாலியே. தைத்தால் ஒட்டுமா, ஒட்டினாலும் தசை வேலை செய்யுமா என்பதற்கு அதில்தான் பதில் இருக்கிறது. தசைக்குள் எவ்வளவு கொழுப்பு படிந்திருக்கிறது என்பதற்கு ஐந்து கிரேடுகள்: 0 என்றால் கொழுப்பே இல்லை, 1இல் சில கோடுகள், 2இல் தசையைவிடக் கொழுப்பு குறைவு, 3இல் இரண்டும் சமம், 4இல் கொழுப்பு அதிகம். 1994இல் அவர் இதை சி.டி.யில் சொன்னார்; எம்ஆர்ஐக்குக் கொண்டுவந்தவர்கள் ஃபுக்ஸும் அவருடைய குழுவினரும், 1999இல். தேர்வாளர் எம்ஆர்ஐ படத்தை நீட்டினால் டி1 சாஜிட்டல் (பக்கவாட்டில் எடுத்த) வெட்டுகளில் ஸ்கேபுலா ஒய் எழுத்துப் போலத் தெரியும் படத்தைத் தேடி எடுத்து அதில் விரலை வையுங்கள், தேர்வாளரின் முகம் மாறுவது தெரியும். 3ஐ எட்டிய தசை, தைத்த பிறகும் பழைய நிலைக்குத் திரும்பாது என்றே பொதுவாக எடுத்துக்கொள்கிறோம். இதில் ஒரு பொறி உண்டு: தசைநாண் நன்றாக உள்ளே இழுத்துக்கொண்டால் தசையும் கூடவே உள்ளே போய்விடும், ஒய் வெட்டில் தசை இருப்பதைவிட மெலிந்ததாகத் தெரியும்.

ஹமாடா எக்ஸ்ரேக்கு, நாள்பட்ட கிழிசலால் மூட்டு எவ்வளவு கெட்டிருக்கிறது என்று பார்க்க. அக்ரோமியனுக்கும் ஹ்யூமரஸ் தலைக்கும் இடைவெளி 6 மி.மீ.க்குக் குறையாமல் இருந்தால் 1, குறைந்தால் 2, அக்ரோமியனின் அடிப்பக்கம் தலைக்கு ஏற்பக் குழிந்தால் 3, கிளினோஹ்யூமரல் மூட்டும் குறுகினால் 4, தலை உருக்குலைந்தால் 5. மூட்டின் நேர் படம், அதாவது கிராஷி வியூ, எடுத்தால்தான் இதெல்லாம் ஒழுங்காகத் தெரியும்.

சிகிச்சைக்கு வருவோம். கஃப் கிழிசல் என்றதுமே "ஆர்த்ரோஸ்கோபிக் ரிப்பேர்" (சின்னத் துளை வழியே கருவி விட்டுத் தைப்பது) என்று ஆரம்பிக்கிறவர்கள்தான் மாட்டிக்கொள்கிறார்கள். அடிபடாமல், வயதோடு மெல்ல வந்த கிழிசல் என்றால் முதலில் பிசியோதெரபி. அமெரிக்காவின் மூன் (MOON) ஆய்வுக் குழு 2013இல் வெளியிட்டதில், அப்படிப்பட்ட முழு ஆழக் கிழிசல் இருந்தவர்களில் நான்கில் மூன்று பேர் போல இரண்டு ஆண்டுகளில் அறுவைக்குப் போகவில்லை. இதற்கு நேர்மாறு, 45 வயதுக்காரர் ஏணியிலிருந்து விழுந்து அன்றைக்கே கை தூக்க முடியாமல் போனது. அவரை மூன்று மாதம் பிசியோவுக்கு அனுப்பினால் அதற்குள் முனை உள்ளே போய் தசை கெட்டுப்போகும். சீக்கிரம் எம்ஆர்ஐ, சீக்கிரம் ரிப்பேர். ஸ்டீராய்டு ஊசி வலிக்கு உதவும், ஆனால் திரும்பத் திரும்பப் போடாதீர்கள், அறுவை முடிவான பிறகு போடவே போடாதீர்கள்.

தசைநாணை எலும்பில் ஒரு வரிசையில் பதிப்பதா இரண்டு வரிசையிலா, அதாவது சிங்கிள் ரோவா டபுள் ரோவா என்று கேட்டால் கட்சி சேராதீர்கள். பெரிய கிழிசலில் டபுள் ரோ ஒட்டுவதற்கு உதவலாம், நோயாளி உணரும் பலனில் வித்தியாசம் அவ்வளவு தெளிவாக இல்லை என்று சொன்னால் போதும். கலாட்ஸ் குழு 2004இல் சொன்னதை நினைவில் வையுங்கள்: பெரிய, மாஸிவ் கிழிசல்களை ஆர்த்ரோஸ்கோபியில் தைத்த 18 பேரில் 17 பேருக்கு அல்ட்ராசவுண்டில் மறுபடி கிழிசல். ஆனால் முதல் ஆண்டில் பெரும்பாலோருக்கு வலி நன்றாகக் குறைந்திருந்தது. "அப்படியானால் எதற்குத் தைக்கிறோம்?" என்ற அடுத்த கேள்வி வரும், அதற்கும் தயாராகப் போங்கள். வயது, கிழிசலின் அளவு, கொழுப்பு என்ற மூன்றையும் வைத்துப் பதில் சொல்லலாம்.

தைக்கவே முடியாத கிழிசல் என்றால் வயதுதான் பாதையைப் பிரிக்கும். மூட்டு தேயாத, வயது குறைந்தவருக்கு லாட்டிசிமஸ் டார்சை அல்லது கீழ் டிரபீசியஸ் தசையை இடம் மாற்றிப் பொருத்தும் டிரான்ஸ்ஃபர், அல்லது ஜப்பானின் மிஹாட்டா கொண்டுவந்த, மூட்டு உறையின் மேல்பகுதியை மறுபடி கட்டும் சுபீரியர் கேப்சுலர் ரீகன்ஸ்ட்ரக்‌ஷன். மூட்டும் தேய்ந்து, கையும் 90 டிகிரிக்கு எழும்பாத மூத்தவருக்கு ரிவர்ஸ் ஷோல்டர், அதாவது பந்தும் குழியும் இடம் மாறிய செயற்கை மூட்டு. அந்த இம்பிளான்ட் வைவா (வாய்மொழித் தேர்வு) மேஜையில் கிடந்தால் அதை வடிவமைத்த கிராமோனின் தத்துவத்தை இரண்டே வரியில் சொல்லுங்கள்: சுழற்சி மையம் உள்பக்கமும் கீழேயும் போகிறது, தோளின் வெளிப்பக்க டெல்டாய்டு தசையின் நெம்புகோல் நீளமாகிறது, அதனால் கஃப் இல்லாமலே கை எழும்புகிறது. டெல்டாய்டோ அதை இயக்கும் ஆக்ஸிலரி நரம்போ செத்திருந்தால் இதை வைக்கக் கூடாது என்பதைக் கேட்பதற்கு முன்பே சொல்லிவிடுங்கள்.

பக்கத்துத் தலைப்புகளில் மூன்றை மட்டும் விடாதீர்கள். 40 வயதுக்கு மேல் தோள் நழுவி, பொருத்திய பிறகும் சில வாரங்களாகக் கை தூக்க வரவில்லை என்றால் எல்லோரும் ஆக்ஸிலரி நரம்பு என்று சொல்லிவிடுவார்கள். கஃப் கிழிந்திருக்கலாம், இரண்டுமே சேர்ந்தும் இருக்கலாம். டெல்டாய்டு மேல் கையை வைத்து, முழங்கையை வெளியே தள்ளச் சொல்லி, தசை இறுகுகிறதா என்று பாருங்கள். தோலில் உணர்ச்சி இருப்பதை மட்டும் வைத்து நரம்பு நன்றாக இருக்கிறது என்று சொல்ல முடியாது. தோள்பட்டை நுனியும் காறை எலும்பும் சேரும் ஏ.சி. மூட்டு விலகலுக்கான ராக்வுட்டின் வகைகளில் மூன்றாவதில்தான் அறுவை வேண்டுமா என்ற சர்ச்சை, மற்றவை நேரடி. ஹ்யூமரஸ் மேல்முனை முறிவுக்கான நீர் (Neer) வகைப்பாட்டில் துண்டு நகர்ந்ததாகக் கொள்ள 1 செ.மீ. அல்லது 45 டிகிரி, ஆனால் கிரேட்டர் டியூபரோசிட்டி (ஹ்யூமரஸ் தலைக்குப் பக்கத்து மேடு) மட்டும் 5 மி.மீ. நகர்ந்தாலே கவலைப்பட வேண்டும், ஏனென்றால் கஃபின் பெரும்பகுதி அதில்தான் ஒட்டியிருக்கிறது.

தியரியில் கட்டுரையாக வந்தால் முதல் பக்கத்திலேயே படம் போடுங்கள்: ஹ்யூமரஸ் தலை, டியூபரோசிட்டிகள், நான்கு தசைநாண்கள், ஒவ்வொன்றுக்கும் நரம்பு. அறுவைக்குப் பிந்தைய ரீஹேபுக்கு (மறுவாழ்வுப் பயிற்சி) நான்கு வரி ஒதுக்குங்கள்: நான்கு முதல் ஆறு வாரம் ஸ்லிங், அதுவரை பிறர் அசைக்கும் அசைவு மட்டும், அப்புறம் தானாக அசைப்பது, பலப் பயிற்சி சுமார் 12 வாரத்துக்குப் பிறகு. பெரும்பாலான விடைத்தாள்கள் கடைசித் தையலோடு நின்றுவிடுவதால் அந்த நான்கு வரிக்குத் தனி மதிப்பெண் கிடைக்க நல்ல வாய்ப்பு உண்டு.